எதிர்க்கரைப் புகை

“உலகமே வேண்டாம்னு வந்தவனுக்கு இந்தப் புகை எதுக்கும்மா?”

கேட்டவர் திருமேனி. தென்காசியில் அரிசி மண்டியை மகனிடம் ஒப்படைத்துவிட்டு, இமயத்தில் கடைசி ஊரையும் தாண்டி குருவைத் தேடி வந்தவர். வயது ஐம்பத்தெட்டு. குரு உலகம்மைக்கு அவரைவிடப் பத்து வயது குறைவு.

ஊருக்கு இறங்கும் பாதையைப் பனி மூடி இரண்டு மாதமாகிவிட்டது. இனி சித்திரையில்தான் திறக்கும்.

அந்த மலையில் ஒரு வழக்கம். விடிந்ததும் அடுப்பில் ஈர வறட்டியைப் போட்டு, கூரைக்கு மேலே கறுப்பாகப் புகை எழுப்ப வேண்டும். பள்ளத்தாக்கின் எதிர்க்கரையில் தனியாக வாழும் ஒருவரின் குடிசையிலும் எழும். உயிரோடு இருக்கிறோம் என்று அர்த்தம்.

“நான் இருந்தா என்ன, செத்தா என்ன அவருக்கு? முகம்கூடப் பார்த்ததில்லை. கண்ணுதான் எரியுது.”

“போடுங்க ஐயா,” என்றாள் உலகம்மை.

மறுநாள் அவள் காய்ச்சலில் சுருண்டு கிடந்தாள். திருமேனிக்கு வசதியாகப் போயிற்று. காய்ந்த சுள்ளியில் கஞ்சி வைத்தார். வறட்டியைத் தொடவேயில்லை. கண்ணை மூடி உட்கார்ந்தார். அப்பாடா! வந்த நாள்முதல் இப்படியொரு நிம்மதி கிடைத்ததில்லை.

உச்சிவேளையில் யாரோ கதவைத் தட்டினார்கள்.

திறந்தால், தாடியெல்லாம் பனி உறைந்த ஒரு கிழவர். தோளில் மண்வெட்டி. ஒரு காலில் செருப்பில்லை. திருமேனியைக் கண்டதும் கட்டிப்பிடித்து ஓவென்று அழுதார். ஏதேதோ சொன்னார். ஒரு வார்த்தையும் புரியவில்லை.

உலகம்மை தட்டுத்தடுமாறி எழுந்து வந்தாள். கிழவரை உட்காரவைத்து, கட்டையாக விறைத்திருந்த பாதத்தைத் தன் வயிற்றோடு சேர்த்து அணைத்துக்கொண்டாள்.

“என்னம்மா சொல்றார்?”

“புகையைக் காணோம், போய் அடக்கம் பண்ணணுமேன்னு கிளம்பினாராம். நீங்க உசுரோட இருக்கீங்கன்னு சந்தோஷப்படுறார்.”

“அடப்பாவி, என்ன காரியம் பண்ணிட்டேன்!” திருமேனி தலையில் அடித்துக்கொண்டார். ஆறாக அழுதார்.

“அப்புறம் அழுங்க. இவரால இனி நடக்க முடியாது. நாளைக்கு இவர் கூரையில புகை வராது.”

திருமேனியின் அழுகை நின்றது.

“அம்மா, இவர் புகையைப் பார்க்க அந்தப் பக்கம் யாராவது இருக்காங்களா?”

“ஒரு புத்த பிக்கு இருக்கார். ஒரு கால் ஊனம்.”

“அவர் எப்படி வருவார்?”

“வந்துடுவார்.”

திருமேனி கம்பளியை இழுத்துப் போர்த்திக்கொண்டார்.

“இவர் குடிசைக்கு வழி எதும்மா?”

“இவர் வந்த தடம் இருக்கு. பனி கொட்டுறதுக்குள்ள போங்க.”