காத்திருப்புப் பழம்

மழை ஓயாத ஒரு மலைக்காட்டில் எதற்கும் பஞ்சமில்லை, பொந்துக்கு மட்டும்தான் பஞ்சம். அந்தக் காட்டில் நெட்டலகன் என்ற ஆண் இருவாச்சி வாழ்ந்து வந்தது. அதன் மனைவியின் பெயர் வெண்விழி.

இருவாச்சியைப் பார்த்திருக்கிறீர்களா, குழந்தைகளே? மூக்குக்கு மேல் இன்னொரு மூக்கை ஒட்டிவைத்த மாதிரி அலகு. அவ்வளவு பெரிய அலகை வைத்துக்கொண்டு மரத்தில் ஒரு ஓட்டை போடத் தெரியாது. ஏற்கெனவே இருக்கிற பொந்தைத்தான் தேடிப் பிடிக்க வேண்டும். பிடித்துவிட்டால் வருடா வருடம் அதே பொந்துதான். முட்டையிடும் காலத்தில் பெண் பறவை உள்ளே போய் வாசலை மண்ணாலும் எச்சத்தாலும் அடைத்துக்கொள்ளும். அலகு நுழையும் அளவுக்கு ஒரு கீறல் மட்டும் விட்டுவைக்கும். ஆண் பறவை தொண்டை நிறையப் பழங்களைக் கொண்டுவந்து அந்தக் கீறல் வழியாக ஒவ்வொன்றாக ஊட்டும்.

அதனால் இருவாச்சிகளுக்குத் தெரிந்த அளவு தொண்டை ஒன்றுதான். தொண்டைக்குள் அடங்குமா என்று பார்ப்பார்கள். அடங்கினால் சரி, கிளம்பிவிடுவார்கள். அதற்கு மேல் கணக்குக் கேட்கிற வழக்கம் அந்த வம்சத்திலேயே இல்லை.

அந்த வருடம் அடித்த காற்றில் நெட்டலகனின் பொந்து இருந்த மரம் சாய்ந்துவிட்டது. வெண்விழிக்கோ முட்டையிடும் காலம் நெருங்கிக்கொண்டிருந்தது. இருவரும் காட்டை ஒரு சுற்றுச் சுற்றி வந்தார்கள். ஒரு பொந்தில் உடும்பு குடியிருந்தது, இன்னொன்றில் தேனீக்கள் அடை கட்டியிருந்தன. பொந்து கிடைக்காவிட்டால் இந்த வருடம் குஞ்சு இல்லை. அதை நினைத்து வெண்விழி இரை எடுப்பதையே விட்டுவிட்டது.

அந்தக் காட்டில் நல்ல நல்ல பொந்துகளை எல்லாம் வளைத்துப் போட்டிருந்தது ஒரு மரநாய். எல்லாரும் அதை அண்ணாச்சி என்றே கூப்பிடுவார்கள். பகல் முழுக்கப் பாதித் தூக்கத்தில் கிடக்கும். அதற்குக் கோபம் வந்து யாரும் பார்த்ததில்லை, அது பொய் சொல்லியும் யாரும் கேட்டதில்லை. காத்திருப்பது ஒன்றுதான் அதன் தொழில்.

நெட்டலகன் போய்ப் பொந்து கேட்டது. மரநாய் ஒரு கண்ணை மட்டும் திறந்தது.

"இருக்கு தம்பி. மழை உள்ள வராத பொந்து. விலை ஐநூறு பழம். நாவலோ நெல்லியோ, கொட்டை உள்ள பழமா இருந்தா போதும்."

ஐநூறு என்றதும் நெட்டலகனுக்குத் தலை சுற்றியது. அதன் தொண்டை கொள்வது இருபத்தைந்து பழம். ஐநூறு என்பது எவ்வளவு பெரிதாக இருக்கும் என்று நினைத்துப் பார்க்கக்கூட அதற்கு வழியில்லை.

"மொத்தமா இப்பவே கொடுங்கன்னு யாரு கேட்டா? இன்னைக்கே குடி வாங்க. தினமும் கொஞ்சம் கொஞ்சமாக் கொடுத்துக் கழிச்சுக்கலாம். நான் காத்திருக்கேன் இல்லையா, அதுக்கு ஒரு நாளைக்கு ஒரு பழம். அது காத்திருப்புப் பழம். அதுக்கு மேல நீங்க தர்றதெல்லாம் விலையில கழியும்" என்றது மரநாய்.

கூடவே ஒரு நிபந்தனையும் போட்டது. கடைசிப் பழம் வந்து சேரும்வரை பொந்து மரநாயுடையதுதான். தொடர்ந்து பத்து நாள் பழம் வராவிட்டால் பொந்தைக் காலி செய்துவிட வேண்டும்.

தினமும் எத்தனை தரவேண்டும் என்று வெண்விழி கேட்டது. அது உங்கள் சௌகரியம், பதினொன்று தந்தாலும் சரி, இரண்டு தந்தாலும் சரி என்று மரநாய் சொல்லிவிட்டது.

நெட்டலகன் அங்கேயே தொண்டையை அசைத்து அளந்து பார்த்தது. பதினொன்று என்றால் கிட்டத்தட்டப் பாதித் தொண்டை போய்விடும். இரண்டு என்றால் இருக்கிற இடமே தெரியாது. இதில் யோசிக்க என்ன இருக்கிறது என்று அதற்கு ஒரே சந்தோஷம்.

"என்னங்க, ரெண்டு ரெண்டாக் கொடுத்தா எல்லாம் சேர்ந்து எத்தனை ஆகும்னு ஒரு வார்த்தை கேட்டுக்கங்களேன்" என்றது வெண்விழி.

"அதான் ஐநூறுன்னு சொல்லிட்டாரே. திரும்பத் திரும்பக் கேட்டா அண்ணாச்சி என்ன நினைப்பாரு?"

மரநாய் கொட்டாவி விட்டது. கேட்டிருந்தால் அது சொல்லித்தான் இருக்கும். நெட்டலகன் கேட்கவில்லை.

அன்றைக்கே வெண்விழி பொந்துக்குள் போய் வாசலை அடைத்துக்கொண்டது. நெட்டலகன் தினமும் முதலில் மரநாயின் கிளைக்குப் போய் இரண்டு பழம் வைக்கும், பிறகு வீட்டுக்குப் பழம் தேடப் போகும். சொந்த வீட்டுக்காரன் என்ற மிதப்பில் அதன் சிறகடிப்புச் சத்தம் இரண்டு மலைக்குக் கேட்டது.

ஐம்பது நாள் போனது. குஞ்சு பொரித்தது. அப்போதுதான் விஷயம் இறுகியது. குஞ்சு என்றால் சும்மாவா? விடிந்தது முதல் பொழுது அடைகிற வரை வாயைத் திறந்தே வைத்திருந்தது. நெட்டலகன் எத்தனை நடை பறந்தாலும் கீறலுக்குள்ளிருந்து இன்னும் இன்னும் என்ற குரல்தான் வந்தது. பக்கத்து மரங்களில் பழமும் தீர்ந்துபோனது. தொண்டைக்குத் தெரியவே தெரியாது என்று நினைத்த அந்த இரண்டு பழம் இப்போது நன்றாகத் தெரிந்தது.

வேறு வழியில்லாமல் மரநாயிடம் போய், இந்த இரண்டைக் கொஞ்சம் குறைக்க முடியுமா என்று தயங்கித் தயங்கிக் கேட்டது.

"பிள்ளை பெத்த வீடு, எனக்குத் தெரியாதா? காத்திருப்புப் பழத்தை மட்டும் கொடுங்க தம்பி, போதும்" என்றது மரநாய்.

அந்த வாக்கியத்தில் நெட்டலகனின் காதில் விழுந்தது 'போதும்' என்பது மட்டும்தான். அதற்குக் கண் கலங்கிவிட்டது. அண்ணாச்சிக்கு எவ்வளவு பெரிய மனசு என்று வழியில் பார்த்த குரங்கிடமெல்லாம் சொல்லிக்கொண்டே வீட்டுக்குப் பறந்தது.

அந்தக் கோடை முடிவதற்குள்ளேயே மழை பிடித்துக்கொண்டது. பறக்க முடியாத மழை. உள்ளே வெண்விழி, கூடவே இறகு முளைக்காத குஞ்சு. பத்து நாள் பழம் போகாவிட்டால் இவர்களை அழைத்துக்கொண்டு எங்கே போவது? அந்தப் பயத்தில் ஒன்பதாம் நாள் நெட்டலகன் கொட்டுகிற மழையிலேயே கிளம்பியது. காற்று அதை இரண்டு முறை மரத்தில் மோதியது. அலகில் கவ்விய ஒற்றை நாவற்பழத்தை மட்டும் விடவில்லை. மரநாய் அதை வாங்கிக்கொண்டு, இந்த மழையில் ஏன் தம்பி சிரமப்படுகிறீர்கள் என்று அன்பாகக் கேட்டது.

குஞ்சு வளர்ந்து வெளியே வந்தது. அடுத்த வருடமும் அதே பொந்தில் இன்னொரு முட்டை, இன்னொரு குஞ்சு. மரநாய்க்கு அதே ஒரு பழம். மழை நாட்களில் மட்டும் அங்கொன்றும் இங்கொன்றுமாகச் சில நாள் தவறிப்போகும். அந்தக் குஞ்சும் பறக்கக் கற்றுக்கொண்டு, குடும்பம் முழுவதும் வெளியே சுற்ற ஆரம்பித்த பிறகு, நெட்டலகன் ஒரு நாள் பழத்தை வைத்துவிட்டுப் பேச்சுவாக்கில் கேட்டது.

"அண்ணாச்சி, இன்னும் பாக்கி எவ்வளவு இருக்கும்? முடியப் போகுதுன்னு நினைக்கிறேன்."

"நானூத்து எழுபது தம்பி."

நெட்டலகன் சிரித்தது. அண்ணாச்சி தூக்கக் கலக்கத்தில் சொல்கிறார் என்று நினைத்தது. ஆனால் மரநாயின் முகத்தில் சிரிப்பு இல்லை.

"ஒரு பழம் போதும்னு சொன்னீங்களே, அன்னைக்கு எவ்வளவு பாக்கி இருந்துச்சு?"

"நானூத்து ஐம்பது."

நெட்டலகனுக்கு ஒன்றும் ஓடவில்லை. கொடுத்துக்கொண்டே இருந்தால் குறையத்தானே வேண்டும்? மழையிலும் வெயிலிலும் சுமந்துவந்து கொடுத்திருக்கிறது, பாக்கி இருபது ஏறியிருக்கிறது. வழியில் பழத்தைத் தவற விட்டுவிட்டேனா என்று யோசித்தது. தவற விட்டால் அண்ணாச்சி தின்றது யார் பழத்தை? ஒருவேளை எழுபதுதான் ஐம்பதைவிடச் சின்னதோ என்றுகூட ஒரு கணம் அதற்குத் தோன்றியது.

மரநாய் நிதானமாக விளக்கியது. தினம் வந்த ஒரு பழம் காத்திருப்புக்குப் போய்விட்டது, ஆகவே விலையில் எதுவும் கழியவில்லை. பழம் வராத நாளுக்கும் காத்திருப்புப் பழம் உண்டு, அது பாக்கியோடு சேர்ந்துகொண்டது. மழை நாட்கள் இருபது.

ஒவ்வொரு வார்த்தையும் நெட்டலகனுக்குப் புரிந்தது. மொத்தத்தில் ஒன்றுமே புரியவில்லை. வீட்டுக்குப் போக மனமில்லாமல், மரநாய் படுத்திருந்த மரத்தின் பின்பக்கம் போய்த் தாழ்ந்த ஒரு கிளையில் உட்கார்ந்தது. இத்தனை நாளும் அது முன்பக்கக் கிளையோடு திரும்பிப் போய்விடும். பின்பக்கம் வந்ததே இல்லை.

கீழே ஒரு கொட்டைக் குவியல் கிடந்தது. நாவற்கொட்டையும் நெல்லிக்கொட்டையுமாக வேர்களை மூடிக் கிடந்தது. ஓரத்தில் விழுந்த பழைய கொட்டைகள் முளைத்து, நாவல் கன்றுகளாகி, கிளைகூட விட்டிருந்தன. நெட்டலகன் தன் கவலையைக்கூட மறந்து பார்த்துக்கொண்டிருந்தது. எந்த ஏமாளி இவ்வளவு பழத்தையும் கொண்டுவந்து கொட்டினானோ, பாவம், அவன் பிள்ளைகள் பட்டினி கிடந்திருக்குமே என்று உண்மையாகவே வருத்தப்பட்டது.

"அண்ணாச்சி, இதெல்லாம் யார் கொண்டுவந்த பழம்?"

"வேற யாரு தம்பி? நீங்கதான்."

நெட்டலகன் நேராக வீட்டுக்குப் பறந்து வெண்விழியை அழைத்துவந்தது. எண்ணத் தெரியாவிட்டால் என்ன, அளக்கத் தெரியுமே. குவியலிலிருந்து தொண்டை நிறையக் கொட்டைகளை எடுத்துப் பக்கத்துப் பாறைமேல் போய்க் கக்கியது. தொண்டைக்கு இருபத்தைந்து. இப்படி இருபது தொண்டை சேர்ந்தால் ஐநூறு என்று வெண்விழி கணக்குப் பிடித்துச் சொன்னது. இருபது தொண்டையும் ஆனது. வேருக்கடியில் இன்னும் கொட்டை மிச்சம் கிடந்தது.

"பொந்து விலைக்கு மேலயே கொடுத்துட்டோம். இன்னும் பாக்கி கிட்டத்தட்ட ஒரு பொந்து விலை" என்றது வெண்விழி. பிறகு தரையைப் பார்த்துக்கொண்டு மெதுவாகச் சொன்னது. "அன்னைக்கே பதினொண்ணு கொடுத்திருந்தா, காத்திருப்புக்கு ஒண்ணு போகப் பத்துப் பத்தாக் கழிஞ்சு, ஐம்பது நாள்ல முடிஞ்சிருக்கும். குஞ்சு பொரிச்ச அன்னைக்கு நமக்குப் பாக்கியே இருந்திருக்காதுங்க."

குஞ்சு பொரித்தபோதுதான் நெட்டலகன் குறைக்கச் சொல்லிக் கெஞ்சப் போனது. மழையில் மரத்தில் மோதியது, குஞ்சு இன்னும் இன்னும் என்று கத்தியது, எல்லாம் ஒன்றாக அதற்கு நினைவுக்கு வந்தது. வெண்விழியின் முகத்தைப் பார்க்கவே வெட்கமாக இருந்தது.

மறுநாளிலிருந்து இருவரும் சேர்ந்து பதினொரு பழம் கொண்டுவந்தார்கள். அதற்கு அடுத்த நாளும் பதினொன்று. மரநாய்க்குத் தூக்கம் கலைந்துவிட்டது.

"எதுக்குத் தம்பி இவ்வளவு அவசரம்? உடம்பைப் பாருங்க, எலும்பும் தோலுமா ஆகிட்டீங்க. நமக்குள்ள என்ன இருக்கு? ஒரு நாள் விட்டு ஒரு நாள் ஒரு பழம் கொடுங்க, போதும்."

பழைய நெட்டலகனாக இருந்தால் அங்கேயே கும்பிட்டிருக்கும். உண்மையைச் சொன்னால், இப்போதும் அதற்கு ஒரு நொடி ஆசையாகத்தான் இருந்தது. சிறகு வலித்தது, பதினொரு பழம் தொண்டையை அடைத்துக்கொண்டிருந்தது. பழத்தை எல்லாம் கிளையில் வைத்துவிட்டு, அந்த வம்சத்தில் யாரும் கேட்காத கேள்வியைக் கேட்டது.

"அப்படிக் கொடுத்தா, எல்லாம் சேர்ந்து மொத்தம் எத்தனை ஆகும் அண்ணாச்சி?"

மரநாய் முதல்முறையாக இரண்டு கண்களையும் திறந்தது. பொய் சொல்லாத மிருகம் அல்லவா, உள்ளதைச் சொன்னது.

"மொத்தம்னு ஒண்ணு வராது தம்பி. நீங்க கொடுத்துக்கிட்டே இருப்பீங்க, அது ஏறிக்கிட்டே இருக்கும்."

"அப்போ பதினொண்ணே இருக்கட்டும்" என்றது நெட்டலகன்.

அடுத்த முட்டைக் காலம் வருவதற்குள் கடைசிப் பழம் வந்து சேர்ந்தது. பொந்து இனி உங்களுடையது என்று மரநாய் ஒரு குறையும் சொல்லாமல் எழுதாத பட்டா ஒன்றை வாயாலேயே கொடுத்துவிட்டு, கிளையில் நீட்டிப் படுத்தது. வெண்விழி வீட்டுக்குக் கிளம்பாமல் நின்றது.

"ஆகமொத்தம் ரெண்டு பொந்து விலைக்கு மேல கொடுத்திருக்கோம். ஒண்ணு நம்ம வீடு. இன்னொண்ணு எங்கேங்க?"

நெட்டலகன் கிளையை அண்ணாந்து பார்த்தது. மரநாயின் உருண்ட வயிறு மூச்சுக்கு மூச்சு ஏறி இறங்கிக்கொண்டிருந்தது.

"அதோ, தூங்குது" என்றது.

நீதி: கடன் பட்டு வீடு வாங்குமுன், ஒரு தவணை எவ்வளவு என்று மட்டும் கேட்காதே, கடைசித் தவணை வரை மொத்தம் எவ்வளவு என்று கேள்.