நேரத்தோடு வந்த மாப்பிள்ளை

இரண்டு நிலாக்கள் காய்கிற நாடு ஒன்று உண்டு. வெள்ளை நிலா மாதாமாதம் வந்துபோகும்; அதை யாரும் பெரிதாக மதிப்பதில்லை. பச்சை நிலா பன்னிரண்டு வருஷத்துக்கு ஒரு தரம், ஒரே ஒரு நாள், பட்டப்பகலில் வரும். அந்த நாட்டில் கல்யாணம் என்றால் அன்றைக்குத்தான். பச்சை நிலா மலைக்குள் இறங்குவதற்குள் தாலி ஏறிவிட வேண்டும் என்பது சட்டம்.

சுழியாற்றின் அக்கரையில் வெள்ளாத்தாள் என்று ஒருத்தி இருந்தாள். போன பச்சை நிலாவன்று மாலையும் கழுத்துமாக மணையில் காத்திருந்தவள். அந்த மாப்பிள்ளை வரவேயில்லை. இந்தத் தரமும் தவறினால் தலை நரைத்துவிடும். அப்படியிருந்தும் வந்த வரன்களையெல்லாம் தள்ளிவிட்டு, இக்கரையில் மூக்குத்திப்பாறை ஊர் ஒண்டிமுத்துவைத்தான் கட்டிக்கொள்வேன் என்று நின்றாள். மூக்குத்திப்பாறைக்காரர்களின் புத்தி நாடறிந்தது.

"அவன்கிட்ட என்னடி கண்டே?" என்று கேட்டாள் தாய் மாரக்காள்.

"சொன்னதைச் சொன்னபடி கேக்கிற ஆம்பளை வேற யாராச்சும் இருந்தா காட்டும்மா."

மாரக்காள் கொஞ்ச நேரம் யோசித்துப் பார்த்துவிட்டுச் சம்மதித்தாள். மாப்பிள்ளை வீட்டாரிடம் ஒன்றே ஒன்றுதான் சொல்லி அனுப்பினாள்: "நேரத்தோட வந்து சேருங்க."

ஒண்டிமுத்துவுக்குத் தாய் தகப்பன் இல்லை. தம்புசாமி, சடையன், அய்யாக்கண்ணு என்ற மூன்று சிநேகிதர்கள்தான் மாப்பிள்ளை வீட்டார். தம்புசாமிக்குத் தாடி இருந்ததால் யோசிக்கிற வேலை அவருடையது.

கல்யாணத்தன்று காலையில் அவர் சீர்த்தட்டுகளைப் பார்வையிட்டார். "பூ இருக்கு, பழம் இருக்கு. நேரத்தை எங்கடா வச்சீங்க?"

"எந்த நேரம்ணே?"

"நேரத்தோட வரச் சொல்லியிருக்காங்களே! அது இல்லாம போய் நின்னா மரியாதையா இருக்குமா?"

மூவரும் தட்டுகளைத் துழாவிப் பார்த்தார்கள்.

நேரம் கிடைக்கிற இடம் அந்த நாட்டில் உப்புமலைக் குகை ஒன்றுதான். அங்கேதான் பொழுதுமணி விளைகிறது. பார்த்தால் கற்கண்டுத் துண்டு போல இருக்கும். உள்ளங்கையில் வைத்துத் திருப்பினால் உலகத்துப் பொழுதே ஒரு நாழிகை நகர்ந்துவிடும். தலைமுறைக்கு ஒன்று விளைந்தால் அதிகம். நால்வரும் ஆற்றுக்குப் போகிற பாதையை விட்டு மலைப்பாதையில் திரும்பினார்கள்.

குகைக் காவலர் ஆண்டியப்பரிடம் அதுவரை பொழுது கேட்டு வந்தவர்கள் எல்லாரும் ராஜாக்கள். எல்லாரும் வயதைக் குறைக்கக் கேட்டவர்கள். கல்யாணத்துக்கு எடுத்துப் போக நேரம் வேண்டும் என்று வந்து நின்றவர்கள் இவர்கள்தான். அவருக்கு மனம் இளகிவிட்டது. இருந்த ஒரு மணியையும் எடுத்துக் கொடுத்தார்.

"வலது பக்கம் திருப்பினா பொழுது முன்னால போகும். இடது பக்கம் திருப்பினா பின்னால போகும். ரெண்டு திருப்புக்கு மேல தாங்காது, கரைஞ்சிரும். பொழுதுதான் திரும்பும், நெனப்பு திரும்பாது. கண்ணைப் போலப் பாத்துக்கங்க."

கண்ணைப் போலவே பார்த்துக்கொண்டார்கள். முதலில் அதற்கு மை தீட்டினார்கள். கண் என்றால் இமைக்க வேண்டுமே என்று சடையன் அதை விரலால் மூடி மூடித் திறந்துகொண்டே நடந்தான். தூசி விழுந்துவிட்டது என்று அய்யாக்கண்ணு வேட்டி நுனியைச் சுருட்டி ஒற்றடம் கொடுத்தான். வெயில் ஏறியதும், "கண்ணுக்குத் தூக்கம் வேணாமா?" என்றார் தம்புசாமி. ஒரு புங்கமரத்தடியில் உட்கார்ந்து, மணியைத் துணியால் மூடித் தாலாட்டுப் பாடினார்கள். அது தூங்கிவிட்டதா இல்லையா என்று தெரிந்துகொள்ள வழியில்லாததால் நிறையப் பாட வேண்டியிருந்தது.

ஆற்றங்கரைக்கு வந்தபோது பச்சை நிலா மலையுச்சியைத் தொட இன்னும் ஒரு சாண்தான் இருந்தது. பரிசல் அக்கரையில் கிடந்தது. மேளச் சத்தம் கேட்டது.

"அண்ணே, மணியைத் திருப்புங்க!" என்றான் ஒண்டிமுத்து.

"எந்தப் பக்கம்?"

"நமக்கு முன்னாடி இருந்த பொழுதுதானே வேணும்? அப்ப முன்னாலதான். வலது பக்கம்" என்றான் சடையன்.

"முன்னேறுன்னா இனிமே போகப்போற பக்கம்டா. அது வராத பொழுது" என்றான் அய்யாக்கண்ணு.

"அப்ப முன்னொரு காலத்துலன்னு சொல்றாங்களே, அது வராத காலமா?"

தம்புசாமி தாடியைப் பிடித்தார். "பின்னாடி பாத்துக்கலாம்னு சொல்றோமே, அது எப்போ?"

"நாளைக்கு."

"அப்படின்னா நாளைக்குங்கிறது நம்ம முதுகுக்குப் பின்னால இருக்குது."

நால்வரும் சட்டென்று திரும்பிப் பார்த்தார்கள். ஒரு ஆடு நின்று எருக்கஞ்செடியை முகர்ந்துகொண்டிருந்தது.

"ஆடுதான்ணே நிக்குது."

"அப்ப நாளைக்கு ஆடுதான்" என்றார் தம்புசாமி, துக்கமாக.

"அண்ணே, நிலா இறங்குது!"

"இருடா. முன்பின் யோசிக்காம எதையும் செய்யக்கூடாது. முன்னையும் பின்னையும்தானே யோசிச்சிட்டிருக்கோம்." கடைசியில் தாடிக்கு மரியாதை கொடுத்து, அவர் சொன்னபடி சடையன் மணியை வலது பக்கம் திருப்பினான்.

நிலாவைக் காணோம். நால்வருக்கும் தொண்டை கட்டியிருந்தது. இன்னும் போடாத சண்டையைப் போட்டு முடித்திருந்தார்கள். அக்கரையில் மேளம் ஓய்ந்திருந்தது. வெள்ளாத்தாள் மாலையைக் கழற்றி மடியில் வைத்துக்கொண்டு, ஒவ்வொரு பூவாகக் கிள்ளிக்கொண்டிருந்தாள். பந்தல்காரர்கள் அவளைச் சுற்றிப் பந்தல் கால்களைப் பிடுங்கிக்கொண்டிருந்தார்கள்.

ஒண்டிமுத்து அதைப் பார்த்தான். பிறந்ததிலிருந்து முதல் தடவையாக, யாரும் சொல்லாமல் ஒரு காரியம் செய்தான். மணியைப் பிடுங்கி இடது பக்கம் திருப்பினான்.

கிணற்று வாளி போல நிலா மேலே வந்தது. மணி அவன் உள்ளங்கையில் ஈரமாகிப் போயிற்று. சடையன் நக்கிப் பார்த்துவிட்டு, "இனிப்பில்லை" என்றான்.

"இது பழைய நிலாவா, புதுசா?" என்று தம்புசாமி கேட்டார். அந்த விவாதம் தொடங்கியது.

அக்கரையில் மாலை மறுபடியும் கழுத்துக்கு வந்திருந்தது. கிள்ளிய பூக்கள் காம்பில் இருந்தன. ஆனால் மடியில் அது கிடந்த கனம் வெள்ளாத்தாளுக்கு மறக்கவில்லை. இனி ஒரு தரம் காத்திருக்க அவள் தயாராயில்லை. தாயைக் கையைப் பிடித்து இழுத்துப் பரிசலில் தள்ளித் தானே துடுப்புப் போட்டாள்.

இக்கரையில் குதித்தபோது நிலாவில் நகத்துண்டு அளவுதான் மிச்சம்.

"தாலி எங்க?"

"இடுப்புல இருக்கு."

"எடு. பேசாம சட்டுனு கழுத்துல கட்டு!"

ஒண்டிமுத்து எடுத்தான். பேசாமல், சட்டென்று, தன் கழுத்தில் கட்டிக்கொண்டான். பிடரியில் முடிச்சுப் போடக் கை எட்டாததால் தம்புசாமி போட்டுக் கொடுத்தார். மூன்றாவது முடிச்சு விழவும் நிலா மறையவும் சரியாக இருந்தது.

"அடப்பாவி! உன் கழுத்துலயா?" என்று அலறினாள் மாரக்காள்.

"யார் கழுத்துன்னு சொல்லலையே, அத்தே."

வெள்ளாத்தாள் அவனைப் பார்த்தாள். மஞ்சள் கயிறு அவனுக்கு நன்றாகத்தான் இருந்தது. மணலில் உட்கார்ந்து கண்ணில் நீர் வரச் சிரித்தாள்.

"அம்மா, நிலா இறங்கறதுக்குள்ள தாலி ஏறணும்கிறதுதானே சட்டம்? ஏறிருச்சு. யார் கழுத்துலன்னு சட்டமும் சொல்லலையே." எழுந்து அவன் கையைப் பிடித்தாள். "வா, வீட்டுக்குப் போவோம்."

தாலி ஏறியவர்தான் புகுந்த வீட்டுக்குப் போக வேண்டும் என்பதை மூக்குத்திப்பாறைக்காரர்கள் அறிவார்கள். சடையன் ஒண்டிமுத்துவின் கன்னத்தை வழித்துத் திருஷ்டி கழித்தான். அய்யாக்கண்ணு விம்மி விம்மி அழுதான். காலையில் சீக்கிரம் எழுந்திரு, யார் என்ன சொன்னாலும் எதிர்த்துப் பேசாதே என்று புத்தி சொன்னான். ஒண்டிமுத்து தலையைக் குனிந்தபடி வலது காலை எடுத்துப் பரிசலில் வைத்தான்.

பரிசல் நகர்ந்தது. தம்புசாமி முழங்கால் தண்ணீர் வரை பின்னாலேயே ஓடிவந்து மாரக்காளைக் கையெடுத்துக் கும்பிட்டார்.

"செல்லமா வளந்த பிள்ளைம்மா, தப்புத்தண்டா பண்ணினா பொறுத்துக்கங்க. தலைப்பிரசவத்துக்கு மட்டும் ஏழாம் மாசமே எங்க வீட்டுக்கு அனுப்பி வச்சிரணும்!"