சோல்மாஸ் ஹானும் சொன்ன வசனம்

நிகார் கைப்பையிலிருந்த பட ஒப்பந்தத் தாளை எடுத்து சோல்மாஸ் ஹானும் வீட்டு மேசைமேல் விரித்தாள். ஐந்து மணிக்குள் அதை ஸ்டூடியோவில் கொடுத்தாக வேண்டும்.

"முகம் என்னுடையது, குரல் வேறொருத்தியுடையது. அதற்குச் சம்மதம் என்று எழுதியிருக்கிறது. கையெழுத்துப் போடட்டுமா, ஹானும்?"

அஜர்பைஜானின் தலைநகரான பாக்குவில் மதிப்புக்குரிய பெண்ணை 'ஹானும்' என்றுதான் கூப்பிடுவார்கள். நிகாருக்கு நடிப்புச் சொல்லிக்கொடுத்த சோல்மாஸ் ஹானும் ஒரு காலத்தில் பதினேழு படங்களில் கதாநாயகி. பதினேழிலும் குரல் கொடுத்தவள் வேறொருத்தி. படத்துறைக்கு வெளியே அது யாருக்கும் தெரியாது. இருவருக்கும் சொந்த ஊர் ஷெக்கி. அந்த ஊர்க்காரர்கள் இழுத்து இழுத்துப் பேசுவதைக் கேட்டாலே தலைநகரத்தில் சிரிப்பார்கள்.

"உனக்கு என்ன வயது?"

"நாற்பத்தொன்று. இருபது வருடமாக மேடையில் தேநீர்த் தட்டு ஏந்துகிறேன். இதுதான் முதல் பெரிய வேடம். இதை விட்டால் இனி கிழவி வேடம்தான்."

"எனக்குப் பாலாடைக்கட்டி வாங்க வேண்டும். வா."

சந்தைக் கடையில் ஒரு சின்ன டிவி ஓடிக்கொண்டிருந்தது. கறுப்பு வெள்ளைப் படம். ரயிலடியில் ஒரு பெண், போருக்குப் போகும் கணவனை வழியனுப்புகிறாள். இருபத்தாறு வயது சோல்மாஸ். கடைக்காரர் கத்தியைக் கீழே வைத்துவிட்டுப் பார்த்துக்கொண்டிருந்தார்.

எழுபத்தெட்டு வயது சோல்மாஸ் ஹானும், திரையில் உதடு அசைந்த அதே நேரத்தில் தானும் சொன்னார்.

"போய் வா. கதவைத் தாழிட மாட்டேன்."

அந்த ஷெக்கி இழுவையில் ஓர் அழுகை இருந்தது. திரையிலிருந்து வந்த குரல் அழகாகத்தான் இருந்தது. அதில் அழுகை இல்லை.

"பெரியம்மா, கொஞ்சம் வாயை மூடுகிறீர்களா?" என்றார் கடைக்காரர், திரும்பாமலே. "இந்த இடத்தில்தான் எனக்குக் கண் கலங்கும். பேசிக் கெடுத்துவிட்டீர்கள்."

"நான் சொன்னது நன்றாக இல்லையா, தம்பி?"

"ஷெக்கிக்காரியா? உங்கள் ஊர்ப் பேச்சு சிரிக்க வைக்கும். அழ வைக்குமா? இவள் குரலைக் கேளுங்கள். அதுதான் குரல்!"

"ஆமாம், நல்ல குரல். அரைக் கிலோ போடுங்கள். உப்புக் குறைவானதாக."

பொட்டலத்தைக் கொடுக்கும்போது அவர் சோல்மாஸ் ஹானுமை நேருக்கு நேர் பார்த்தார். பிறகு கண்கள் டிவிக்கே திரும்பிவிட்டன.

பஸ் நிறுத்தம் வரைக்கும்தான் நிகாரால் பொறுக்க முடிந்தது.

"அது நான்தான் என்று அந்த ஆளிடம் ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாமே, ஹானும்!"

சோல்மாஸ் ஹானும் பொட்டலத்தைப் பைக்குள் வைத்தார்.

"எந்தக் குரலில்?"

ஸ்டூடியோ பக்கம் போகும் பஸ் வந்து நின்றது. ஓட்டுநர் எட்டிப் பார்த்தார்.

"ஏறுகிறீர்களா, இல்லையா? வாயைத் திறந்து சொல்லுங்களேன்."

நிகார் ஏறாமல் ஓர் அடி பின்னால் நகர்ந்தாள். கதவு மூடிக்கொண்டது.