வேறு சிம் போட்டால்

தணிகாசலத்துக்கு அறுபத்திரண்டு வயது. அவருடைய குரு பூரணி அம்மாவுக்கு நாற்பதுதான். மனைவி போன பிறகு, “இனி எனக்கு வீடு வாசல் கிடையாது” என்று மகளிடம் சொல்லிவிட்டு, மலைமேல் இருக்கும் அம்மாவின் ஆசிரமத்துக்கு வந்து சேர்ந்தவர் அவர்.

வீடு வாசலை விட்டாரே தவிர போனை விடவில்லை. மலிவாகக் கிடைக்கிறதே என்று வாங்கிய போன். விற்ற கம்பெனியின் சிம் மட்டும்தான் வேலை செய்யும்படி அதைப் பூட்டியிருந்தார்கள். அந்தக் கம்பெனிக்கு மலைமேல் சிக்னல் கிடையாது. ஆசிரமத்து போனைக் கேட்கக் கூச்சம்; மகளோடு பேச வேண்டுமென்றால் அவர் பஸ் ஏறி அடிவாரத்துக்குப் போவார்.

ஓசூரில் மகளை ஆஸ்பத்திரியில் சேர்த்திருக்கிறார்கள் என்று முந்தின நாள் அடிவாரத்தில் கேட்டுவிட்டு வந்தார். தலைப்பிரசவம். அன்றிரவே மழையில் மண் சரிந்து பாதை அடைபட்டது. ஆசிரமத்து போனும் நனைந்து செத்துப்போனது. காலையிலிருந்து தணிகாசலம் தன் போனைத் தூக்கிப் பிடித்துக்கொண்டு மொட்டைமாடியில் அலைந்தார். பார்க்கவே பாவமாக இருந்தது.

அம்மா ஆசிரமத்து போனிலிருந்து சிம்மைக் கழற்றி நீட்டினார்.

“இதைப் போட்டுப் பேசுங்க.”

“என் போன் ஏத்துக்காது அம்மா. வேற சிம் போட்டா மொத்தமா லாக் ஆயிடும்னு கடைக்காரர் அப்பவே சொன்னார்.”

“எப்போ?”

“வாங்கினப்போ. மூணு வருஷம் இருக்கும்.”

“அதுக்கப்புறம் போட்டுப் பாத்தீங்களா?”

“பயம் அம்மா. இருக்கிறதும் போயிடுச்சுன்னா?”

“இப்போ என்ன இருக்கு?”

அம்மா தன் காவிப் புடவையில் குத்தியிருந்த ஊக்கைக் கழற்றி, போனின் ஓரத் துளையில் அழுத்தினார். சிம் தட்டு வெளியே வந்தது. புது சிம் உள்ளே போனது. போன் அணைந்து மறுபடி எழுந்தது. தணிகாசலம் கண்ணை இறுக்க மூடிக்கொண்டார்.

பூட்டைப் பற்றி அந்த போன் ஒரு வார்த்தை கேட்கவில்லை. சிக்னல் முழுதாக வந்து நின்றது.

மகளின் நம்பருக்கு அடித்தார். மாப்பிள்ளைதான் எடுத்தார்; இவர் குரலைக் கேட்டதும் கத்தினார். “மாமா! உங்களுக்கு எத்தனை தடவை அடிக்கிறது! பொண்ணு பொறந்திருக்கா. ரெண்டு பேரும் நல்லா இருக்காங்க.”

தணிகாசலம் அப்படியே தரையில் உட்கார்ந்துவிட்டார். மனசுப் பாரம் இறங்கிய வேகத்தில் அழுகையும் சிரிப்பும் சேர்ந்தே வந்தன.

“பூட்டு எப்ப அம்மா திறந்துச்சு?”

“பூட்டுக்குன்னு ஒரு கெடு இருக்கும், அது முடிஞ்சதுமே கம்பெனிக்காரங்க எடுத்துவிட்டிருப்பாங்க. காலத்துக்குமா பூட்டி வைப்பாங்க?”

“அப்போ இத்தனை நாளா நான் சும்மாவா பஸ் ஏறி இறங்கினேன்?”

அம்மா வாய்விட்டுச் சிரித்தார்.

தணிகாசலம் கண்ணைத் துடைத்துக்கொண்டார். தயக்கத்தோடு கேட்டார்.

“பாதை சரியானதும் ஒரு தடவை போய்க் குழந்தையைப் பாத்துட்டு வரலாமா அம்மா? எல்லாத்தையும் விட்டுட்டு இங்க வந்தவன் கேக்கக் கூடாதுதான்.”

“கேட்டிருந்தா வளைகாப்புக்கே அனுப்பியிருப்பேனே” என்றார் அம்மா.