பாறைக்கு அப்பால் ஏழு அம்புகள்

மேலூற்று என்பது மலைக்குடியினரின் ஊர். பத்தொன்பது வீடுகள். அடிவாரத்திலிருந்து ஏறத் தொடங்கினால் ஓடையையும் மூங்கில் காட்டையும் கடந்து ஆறு மணி நேர நடை.

ஊருக்குச் சற்று முன்னால் ஒரு பாறை உண்டு. வருகிறவர்கள் அங்கே நிற்க வேண்டும். அழைத்து வந்தவர் தம் பெயரையும், ஆட்களின் எண்ணிக்கையையும், தங்கப்போகும் இரவுகளையும் ஒரே ஒரு முறை கூவிச் சொல்ல வேண்டும். பிறகு காத்திருக்க வேண்டும். ஊரிலிருந்து பதில் குரல் வரும். யாராவது வந்து உள்ளே அழைத்துப் போவார்கள். வழக்கம் அவ்வளவுதான்.

மாசாணம் பதினெட்டு ஆண்டுகளாக நகரத்து மக்களை அங்கே அழைத்துச் சென்று, ஓர் இரவு தங்க வைத்துத் திரும்புகிறவர். வயது நாற்பத்து நான்கு. அவரிடம் மலை வழி கற்க வந்த தையல்நாயகிக்கு ஐம்பத்தொன்று. நில அளவை அலுவலகத்தில் இருபத்தாறு ஆண்டுகள் வரைபடம் வரைந்துவிட்டு, விருப்ப ஓய்வு பெற்று வந்தவள்.

முதல் நாள் அவள் "ஆசானே" என்று அழைத்தபோது அவர் சிரித்துவிட்டார்.

"ஆசான்னு சொல்லாதீங்க அக்கா. எவனாவது கேட்டா சிலம்பம் சொல்லிக் குடுன்னு வந்து நிப்பான்."

அவள் அப்படி அழைப்பதை நிறுத்தவில்லை. அவர் மறுப்பதை நிறுத்திக்கொண்டார்.

இரண்டு ஆண்டுகளாக வரிசையில் அவளுக்குக் கடைசி இடம். முன்னால் அவர், நடுவில் விருந்தினர், பின்னால் அவள். மழைக்காலம் முடிந்ததும் முதல் குழுவை அவளே முன்னின்று அழைத்துப் போகலாம் என்று அவர் வாக்குக் கொடுத்திருந்தார்.

மழை ஓய்ந்த வாரம் மேலூற்றிலிருந்து சடச்சி இறங்கி வந்தாள். விருந்தினர் தங்குவது அவளுடைய வீட்டில்தான். வரும்போதெல்லாம் தேனோ கிழங்கோ கொண்டு வருபவள், அன்று வெறுங்கையோடு வந்து மாசாணத்தின் வாசலில் நின்றாள்.

"உக்காரு தங்கச்சி."

"உக்கார வரல அண்ணே. எங்க மாமியா செத்துட்டா. பன்னெண்டு நாளாச்சு."

மாசாணம் எழுந்து நின்றார். "ஒரு வார்த்தை சொல்லி விடலையே."

"சொல்லி விட ஆளு ஏது? வாசல்ல கிடத்தி வச்சிருந்தோம். அப்ப மூணு பேரு வந்தானுவ. பாறையில நிக்கல, கூப்பிடல. நேரா வந்துட்டானுவ. ஒருத்தன் போனை எடுத்து மாமியாவைப் படம் பிடிக்கான். எவன்டா உங்களுக்கு வழி சொன்னதுன்னு கேட்டேன். பெயிண்டுல அம்பு போட்டிருக்கே, பாக்கலையான்னு என்னையக் கேக்கான்."

"அம்பா?" என்றார் மாசாணம்.

"நாங்களும் பாத்தோம் அண்ணே, மஞ்சளா, விரல் நீளத்துக்கு. காட்டு இலாகாக்காரங்க மரத்துக்கு நம்பர் போடுற மாதிரி ஏதோன்னு விட்டுட்டோம்."

திண்ணையில் உட்கார்ந்திருந்த தையல்நாயகி எழுந்து நின்றாள். மழைக்கு முந்திய கடைசிப் பயணம் அவள் கண்முன் வந்தது. தனக்கு முன்னே போனவர்கள் எவரும் திரும்பிப் பார்க்கவில்லை. ஏறி வருபவர் கண்ணில் மட்டும் படும்படி, கல்லிலும் மரத்திலும் ஒவ்வோர் அம்பாக வரைந்துகொண்டே போனாள். பனி மூடினால் ஆறு பேரை எங்கே கொண்டுபோய் விடுவேனோ என்ற பயம் அவளுக்கு. பாறைக்கு அப்பால் உள்ளவற்றை மட்டும், மேலூற்றில் தங்கிய மறுநாள் விடியற்காலையில், எல்லாரும் எழுவதற்கு முன் வரைந்து முடித்தாள்.

"நான்தான் போட்டேன்" என்றாள்.

சடச்சி அவளை மேலும் கீழும் பார்த்தாள்.

"நீயா? எங்கூட ஒரே பாயில படுத்தியே. படுத்து எந்திரிச்சுப் போயி அம்பு போட்டியா?"

"யாரும் வழி தவறிடக் கூடாதுன்னுதான்..."

"தவறல. நல்லா வந்து சேந்தானுவ."

அதற்கு மேல் அவளிடம் சடச்சி பேசவில்லை. மாசாணத்தின் பக்கம் திரும்பினாள்.

"இனிமே நீங்க கூப்பிட்டாலும் எங்க சத்தம் வராது அண்ணே. ஊருல எல்லாரும் பேசி முடிச்சாச்சு. பதினெட்டு வருசப் பழக்கம், சொல்லாம இருக்கக் கூடாதுன்னு வந்தேன்."

கொடுத்த தண்ணீரைக் குடிக்காமலே போனாள்.

பிறகு தையல்நாயகி கேட்டாள்.

"ஆசானே, வழி காட்டுறது தப்பா?"

மாசாணம் வீட்டுக்குள்ளே போனார். இரும்புக் கதவுக்குத் துரு தேய்க்கும் கம்பிப் பிரஷ் ஒன்றைக் கொண்டு வந்து அவள் கையில் வைத்தார்.

"எத்தனை அம்பு?"

"நாற்பத்தொண்ணு."

"எண்ணி வச்சிருக்கீங்களா?"

"எது எது எந்த இடத்துலன்னு நோட்டுல எழுதி வச்சிருக்கேன்."

"நல்லது. சர்வே ஆபீசு இதுக்காவது உதவட்டும்" என்றார். அவர் சிரிக்கவில்லை.

மறுநாள் இருவரும் ஏறினார்கள். அவள் ஒவ்வோர் அம்பின் முன்னாலும் மண்டியிட்டுத் தேய்த்தாள். அவர் பக்கத்தில் தண்ணீர்க் குடுவையோடு உட்கார்ந்திருந்தார். ஓடைக்கல்லில் இருந்த அம்பு ஒரு நாழிகையில் போனது. கரும்பாறையில் இருந்தது அரைப்பொழுதைத் தின்றது.

"நீங்களும் கொஞ்சம் தேய்க்கலாம்."

"எனக்கு வரையவும் தெரியாது, அழிக்கவும் தெரியாது அக்கா."

பிறகு ஒரு வேங்கை மரம் வந்தது. அவள் பிரஷை வைத்து அழுத்தியதும் அவர் அவளுடைய மணிக்கட்டைப் பிடித்தார்.

"அது மரத்துத் தோலு."

"பின்னே எப்படி அழிக்கிறது?"

அவர் ஓடைச் சேற்றை இரு கையாலும் அள்ளி வந்து அம்பின் மேல் அப்பினார். மஞ்சள் மறைந்தது.

"மழை பெஞ்சா கரைஞ்சு போயிடுமே?"

"போயிரும்."

"அப்புறம்?"

"வந்து மறுபடி அப்புவீங்க."

மூன்றாம் நாள் பிற்பகலில், கூவி நிற்கும் பாறையின் மேலிருந்த அம்பை அழித்தாள். நோட்டைப் பார்த்தாள். அது முப்பத்து நான்காவது. மாசாணம் அங்கேயே கால் நீட்டி உட்கார்ந்துவிட்டார்.

"இன்னும் ஏழு இருக்கு ஆசானே."

"எங்க?"

"பாறைக்கு அந்தப் பக்கம். கடைசி அம்பு சடச்சி வீட்டு வாசக்கல்லுல."

"அங்க எப்படிப் போவீங்க?"

போக வேண்டுமானால் கூவ வேண்டும். கூவினால் பதில் வராது.

"நான் போட்டதை நானே அழிக்கக் கூடாதா?"

மாசாணம் அவள் கையிலிருந்த பிரஷை வாங்கி, அதில் ஒட்டியிருந்த மஞ்சள் தூளைத் தட்டினார்.

"வாங்க, இறங்குவோம்" என்றார்.

ஒரு மாதம் கழித்து ஆறு பேர் கொண்ட குழு வந்தது. மாசாணம் சொன்ன சொல்லை மாற்றவில்லை. அவளை முன்னால் நிறுத்திவிட்டு, தாம் வரிசையின் கடைசிக்குப் போனார்.

கிளம்பும் முன் அவள் அவரிடம் தனியே கேட்டாள். "பதில் வராதுன்னு சொல்லிட்டுப் போயிட்டாங்களே. அப்புறம் ஏன் கூப்பிடணும்?"

"கூப்பிடாம அந்தப் பாறையில போயி நிக்கக் கூடாது."

அவள் விருந்தினரிடம் ஒளிக்காமல் சொன்னாள். "ஊர்ல இருந்து கூப்பிட்டா ஊர்ல தங்குவோம். இல்லேன்னா அரை மணி நேரம் கீழே இறங்கினா ஒரு பாறைப் பொடவு இருக்கு. குகை மாதிரி, மழை நனைக்காது, அங்க தங்குவோம். கூப்பிடாம இருக்கத்தான் வாய்ப்பு அதிகம். சம்மதம்னா வாங்க."

அவர்கள் சிரித்தார்கள். அவர்களில் கோதண்டம் என்பவர், வங்கியில் மேலாளராக இருந்து ஓய்வு பெற்றவர், "இதென்னம்மா, கல்யாண வீட்டுக்குப் போயிட்டுப் பந்திக்குக் கூப்பிடுவாங்களோ மாட்டாங்களோன்னு நிக்கிற மாதிரி!" என்றார். எல்லாரும் வந்தார்கள்.

மூங்கில் காட்டில் பனி இறங்கியது. பத்தடிக்கு மேல் தெரியவில்லை. அவள் நின்றாள். பின்னால் ஆறு பேரும் நின்றார்கள். கடைசியில் மாசாணமும் நின்றார். இடப்புறம் எங்கோ ஓடைச் சத்தம் கேட்டது. அதை விடாமல் பற்றிக்கொண்டு, ஒவ்வோர் அடியாக வைத்து, ஏறுமுகத்தில் வெளியே வந்துவிட்டாள்.

நான்கு மணிக்குப் பாறையை அடைந்தார்கள்.

அவள் பாறையின் விளிம்பில் நின்று கூவினாள். "தையல்நாயகி! மாசாணத்தோட எட்டுப் பேர்! ஒரு ராத்திரி!"

தன் பெயரை அந்தப் பள்ளத்தாக்கில் அவள் கேட்பது அதுவே முதல் தடவை. கடைசிச் சொல்லில் குரல் உடைந்தது.

ஊர்க் கூரைகளின் மேல் புகை தெரிந்தது. எங்கோ ஒரு வீட்டில் உரலில் இடித்துக்கொண்டிருந்தார்கள். அவள் கூவியதும் இடிக்கும் சத்தம் நின்றது.

சிறிது நேரம் கழித்து மறுபடியும் கேட்டது.

குரல் வரவில்லை.

அரை மணி நேரம் காத்திருந்தார்கள். தூறல் தொடங்கியது.

"காதுல விழலையோ என்னமோ. இன்னொரு தடவை சத்தமா கூப்பிடுங்கம்மா" என்றார் கோதண்டம்.

"ஒரு தடவைதான் சார்."

"அதோ புகை தெரியுது. பத்து நிமிஷம். உங்களுக்கு வழி தெரியுமில்ல?"

"தெரியும்."

"அப்புறம் என்ன? என் வீட்டுக்காரிக்கு முட்டி வீங்கிப்போச்சு, பாருங்க."

"என்னைச் சாக்கு வச்சுப் பேசாதீங்க" என்றாள் அவர் மனைவி, கல்லில் உட்கார்ந்தபடியே. "வரும்போதே சொல்லித்தானே கூட்டிட்டு வந்தாங்க."

மற்றவர்கள் தையல்நாயகியைப் பார்த்தார்கள். அவள் வரிசையின் கடைசிக்குப் போனாள். மாசாணம் தலைத்துண்டைப் பிழிந்துகொண்டிருந்தார்.

"ஆசானே, பதில் வராத நாள்ல நீங்க என்ன செய்வீங்க?"

"நான் இன்னைக்குக் கடைசி ஆளு அக்கா. முன்னால போறவங்களைக் கேளுங்க."

அவள் திரும்பி வந்து பாறையருகே நின்றாள். அப்பால் போகும் ஒற்றையடிப் பாதை நனைந்து பளபளத்தது. முதல் வளைவு, பலா மரம், சரிந்த கல், மூன்று படிகள். அதில் ஒவ்வோர் அடியும் அவளுக்குத் தெரியும். கண்ணை மூடிக்கொண்டே போய்விடலாம்.

"இறங்குறோம்" என்றாள்.

"இதுக்கா ஆறு மணி நேரம் நடந்தோம்?" என்றார் கோதண்டம்.

"ஆமாம் சார்" என்றாள்.

அவர் மனைவிக்குக் கை கொடுத்து எழுப்பினாள். அந்த அம்மாள் நொண்டிக்கொண்டே வர, எல்லாரும் இறங்கினார்கள்.

பொடவுக்குச் சற்று மேலே, பாதை திரும்பும் இடத்தில், சடச்சி நின்றுகொண்டிருந்தாள். தலையில் விறகுச் சுமை; அதன் மேல் தேக்கிலை போர்த்தியிருந்தது. காட்டில் விறகு பொறுக்கிவிட்டு ஊருக்குத் திரும்புகிறாள் போலும்.

"கூவுனது நீதானா?"

"நான்தான்."

"சத்தம் பத்தல. அடிவயித்துலருந்து வரணும்."

தையல்நாயகி தலையசைத்தாள். பிறகு, "அந்த ஏழு அம்பும்..." என்று தொடங்கினாள்.

"அதை நாங்களே சுரண்டிட்டோம். மாமியா காரியத்துக்கு முந்தின நாளு. வாசக்கல்லுல இருந்ததுதான் லேசுல போகல. ஆறு பொம்பளைய மாத்தி மாத்தித் தேச்சோம்."

தையல்நாயகியால் நிமிர்ந்து பார்க்க முடியவில்லை.

சடச்சி சுமையை இறக்கினாள். கொடியை அவிழ்த்தாள். பாதியைப் பிரித்துப் பாதையோரத்தில் வைத்து, இலையால் மூடினாள். மீதியைக் கட்டித் தலையில் ஏற்றிக்கொண்டாள்.

"கால் நோவுற அந்த அம்மாவ நெருப்புக்கிட்ட உக்கார வை" என்றாள்.

மேலே ஏறிப் போனாள். திரும்பிப் பார்க்கவில்லை.

பொடவுக்குள் விருந்தினர் ஈரத் துணிகளை உதறிக் காயப் போட்டார்கள். கோதண்டம் கற்களைத் தேடி அடுப்புக் கூட்டினார். தையல்நாயகி விறகைக் கொண்டு வந்து இறக்கினாள். இறக்கிய பின்னும் அதன் முன்னாலேயே உட்கார்ந்திருந்தாள்.

மாசாணம் வந்து எதிரில் குத்துக்காலிட்டு உட்கார்ந்தார்.

"ஆசானே, இதுதான் அவங்க பதிலா?"

அவர் ஒரு சுள்ளியை எடுத்து ஒடித்துப் பார்த்தார். உள்ளே நன்றாகக் காய்ந்திருந்தது.

"இது விறகு அக்கா" என்றார். "பதில் வேணும்னா, மறுபடி வந்து கூப்பிடணும்."