ராணி பேரு இருந்த தூண்

எகிப்துல நைல் ஆத்தோரம் ஒரு பெரிய கோயில். அங்க கல்லுல எழுத்து செதுக்கிக்கிட்டிருந்தான் ஹூய். வயசு அம்பது! முக்கால்வாசி ஆயுசு சுவர் கட்டுற கொத்தனாரா இருந்துட்டு, அப்புறம்தான் உளி மேல ஆசை வந்து இபிங்கிற சிற்பிகிட்ட போய்ச் சேர்ந்தான்.

இபிக்கு முப்பத்திரெண்டுதான். ஆனா அவர்தான் குரு. இவன் அவரை "வாத்தியாரே"ம்பான். அவர் இவனை "அண்ணே"ம்பார். பார்க்கிறவங்களுக்கு ஒண்ணும் புரியாது.

ரெண்டு பேருமா சேர்ந்து ராணிக்கு ஒரு தூண் செதுக்கினாங்க. ஒரே கல்லு! பதினஞ்சு ஆள் உயரம். தெக்க மலையில வெட்டி, படகுல ஏத்தி, வெள்ளம் வந்தப்போ மிதக்க விட்டுக் கொண்டு வந்தது. கூரான உச்சியில தங்கத் தகடு. விடிஞ்சதும் முதல் வெயிலு அங்கதான் விழும். கீழ உடம்பு பூரா ராணி பேரு.

அந்த ராணி செத்துப்போனாங்க. புது ராஜா வந்தாரு. ராணி பேரு எங்கயும் இருக்கக் கூடாதுன்னு உத்தரவு. பேரு அழிஞ்சா, செத்தவங்க இன்னொரு தடவை சாவாங்கங்கிறது அந்த ஊர் நம்பிக்கை. உளிக்காரங்க கோயில் கோயிலா, சுவர் சுவரா கொத்திக்கிட்டே வந்தாங்க.

தூண் மேல மட்டும் கை வைக்கலை. அது சூரியசாமியோட கல்லு. கொத்தினா சாமி குத்தம்.

அதனால அதிகாரி ஹூய்கிட்ட வந்தாரு. "கொத்தனாரா இருந்தவன்தானே நீ? கோயில் கூரை வரைக்கும் தூணைச் சுத்திச் சுவர் எழுப்பி மறைச்சுடு. நாளைக்கு ஆரம்பிக்கலேன்னா உன் மூக்கு உனக்கில்லை."

ஹூய் தலை தெறிக்க ஓடினான் இபிகிட்ட. அதிகாரி சொன்னதை அப்படியே ஒப்பிச்சுட்டுக் கேட்டான்.

"வாத்தியாரே, அந்தத் தூண் எதுக்கு?"

"ரெண்டு வருஷம் செதுக்கிட்டு இப்பக் கேக்கறீங்களா அண்ணே?"

"பூசாரி சொல்றாரு, சூரியக் கதிர் ஒண்ணு இறங்கி வந்து கல்லா நின்னுடுச்சாம். படகுக்காரன் சொல்றான், ராஜாக்கள் 'என்னைப் பாரு'ன்னு நட்டு வைக்கிறதாம். நீங்க ஒரு நாள், ஆதியில தண்ணிக்கு மேல வந்த முதல் மேட்டோட அடையாளம்னீங்க. இன்னொரு நாள், சும்மா கல்லுன்னீங்க! எது நெசம்?"

"சாந்து கலந்தாச்சா?"

"நான் என்ன கேக்கறேன், நீங்க என்ன கேக்கறீங்க!"

இபி வேட்டியை இறுக்கிக் கட்டிக்கிட்டு எழுந்தார். "சுவர் வேலை எனக்குத் தெரியாது. நீங்கதான் சொல்லித் தரணும்."

ஹூய் குறுக்க வந்து நின்னான். "அந்த எழுத்துல பாதி உங்க கை. ராணி பேரை ஊதி ஊதித் துடைச்சீங்களே! மூக்கு போனாப் போகட்டும், நான் கட்ட மாட்டேன்."

"மூக்கில்லாம தும்மல் வந்தா எங்கிட்ட வராதீங்க."

"விளையாடாதீங்க வாத்தியாரே!"

இபி சுவருக்கு ஒரு கல்லைத் தூக்கித் தோள்ல வச்சுக்கிட்டு நடந்தார். இவனும் பின்னாலயே போனான். ஏன் போறோம்னு அவனுக்கே தெரியலை.

தூணுகிட்ட போனதும் ஹூய்க்கு ஒரு யோசனை வந்துச்சு. நூல் பிடிச்சு, தூணுக்கும் சுவருக்கும் நடுவுல ஒரு முழம் இடம் விட்டுக் கோடு போட்டான்.

இபி கோட்டைப் பார்த்தார். "இது எதுக்கு?"

ஹூய் அக்கம்பக்கம் பார்த்துட்டு மெதுவாச் சொன்னான். "யாரு கேட்டாலும், சாந்து பூச கொத்தனாருக்கு இடம் வேணும்னு சொல்லிக்கலாம். என்னைக்காவது ஒருத்தன் உள்ள நுழைஞ்சு ராணி பேரைப் படிப்பான்ல?"

இபி காலாலயே கோட்டை அழிச்சார். தோள்ல இருந்த கல்லை இறக்கி, தூணோட உடம்புல உரசுற மாதிரி வச்சார்.

"படிக்கிறவன் நுழையிற சந்துல உளிக்காரனும் நுழைவான் அண்ணே. வெயில் படாத இடத்துல சாமி குத்தம்னு எவன் பயப்படுவான்? ஒட்டி வைங்க."