ஓரத்து இடம்

காட்டுக் குளத்தின் கரையில் ஓர் இலுப்பை மரம். அதன் கிளை ஒன்றில் எட்டுத் தவிட்டுக்குருவிகள் கூட்டுக்குடும்பமாக வாழ்ந்தன. அந்தி சாய்ந்ததும் அடிமரத்திலிருந்து வரிசையாக ஒட்டி உட்கார்ந்து, ஒன்றின் சூட்டில் இன்னொன்று கண் சொக்கிப்போகும். குளத்திலிருந்து மார்கழிப் பனி மெல்ல எழும்பி வந்து, கிளையையும் குருவிகளையும் வெள்ளையாக மூடும். கனவுக்குள் உட்கார்ந்திருப்பதுபோல அத்தனை சுகம், உள்ளே இருப்பவர்களுக்கு!

அடிமரத்தை ஒட்டிய கதகதப்பான இடம் மாமியார் வடிவுக்கு. பக்கத்தில் அதன் மகன். வெளி ஓரம் புது மருமகள் செங்காவுக்கு. ஒரு பக்க இறகு முழுக்க அதற்கு நனைந்து விறைத்துவிடும்.

ஒருநாள் மாலை செங்கா கேட்டது: "அத்தை, இன்னைக்கு மட்டும் நான் உள்ளே உட்காரட்டுமா? உடம்பு நடுங்குது."

"நான் வந்த புதுசுல ஆறு மார்கழி அந்த ஓரத்துலதான் கிடந்தேன். எனக்கு யாரு இடம் விட்டா?" என்றது வடிவு.

செங்கா புருஷனைப் பார்த்தது. அது தூங்குவதுபோலக் கண்ணை மூடிக்கொண்டது. இந்த வித்தையை எந்தப் புருஷனுக்கும் சொல்லித்தர வேண்டியதில்லை.

"நான் வரேன்" என்று சொல்லிவிட்டுச் செங்கா பனிக்குள் பறந்துபோனது.

மருமகள் போனால் ஓரமும் போய்விடுமா? அடுத்து இருந்த அல்லி இப்போது ஓரமானது. அல்லி, வடிவின் செல்ல மகள். கொஞ்ச நேரத்தில், "அம்மா, குளிருதும்மா" என்று அழுதது.

தலைவலியும் காய்ச்சலும் தனக்கு வந்தால்தானே தெரியும்! வடிவு பதறி எழுந்து, தானே ஓரத்தில் போய் உட்கார்ந்தது. பனி இறகுக்குள் இறங்கியது. ஆறு மார்கழி தான் அழுதது நினைவுக்கு வந்தது. இதையா அந்தப் பெண்ணுக்குக் கொடுத்தேன் என்று மனம் நொந்தது.

"அவ போயிட்டாளே" என்றது மகன், அப்போதுதான் விழித்ததுபோல.

"வரேன்னுதான் சொன்னா" என்றது வடிவு.

அக்கரை மூங்கிலில் செங்கா தனியே உட்கார்ந்திருந்தது. அங்கே அதற்கு இரண்டு பக்கமும் ஓரம். பனியைத் தாண்டி ஒரு குரல் மிதந்து வந்தது.

"செங்கா, வந்துடும்மா. ஓரத்துல நான் இருக்கேன்!"

முழுதும் இருட்டுவதற்குள் செங்கா வந்து சேர்ந்தது. அதை உள்ளே விட்டு, வடிவு வெளியே ஒட்டிக்கொண்டது. மறுநாளிலிருந்து ஓரத்துக்கு முறை வைத்துக்கொண்டன. முதல் முறை மகனுக்கு!

தான் பட்ட பாட்டை வீட்டுக்கு வந்தவளும் படட்டும் என்று விட்டுவைத்தால், அது ஒருநாள் பெற்ற மகளிடமே வந்து நிற்கும்.